புதன்கிழமை வாளி

அவருடைய வலது கையை மட்டும் பார்த்தவர்கள் எழுபது வயது சொல்வார்கள். இடது கையைப் பார்த்தால் ஐம்பது. முப்பத்தோரு வருடமாக வலது கை தோள்வரை உப்புத் தண்ணீரில் ஊறிக் கிடக்க, இடது கை மேலே நின்று தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு மேற்பார்வை பார்த்திருக்கிறது. எந்த அலுவலகத்திலும் நடைமுறை இதுதான் என்பதால் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

மீன்காட்சியகத்தில் அவருக்குப் பெயர் தொட்டிக்காரர். சம்பளப் பட்டியலில் வேறு ஏதோ பெயர் இருக்கிறது. அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்க்கமாட்டார்.

கட்டடம் கடலை ஒட்டியது. பின்சுவரில் அலை வந்து மோதும். இவ்வளவு பெரிய கடலைப் பக்கத்தில் சும்மா விட்டுவிட்டு, டிக்கெட் வாங்கி உள்ளே போய்க் கண்ணாடி வழியாகப் பார்ப்பதில் ஜனங்களுக்கு ஒரு திருப்தி. மொத்தம் இருபத்திரண்டு தொட்டிகள். காலையில் வந்ததும் செத்து மிதப்பதை வலைக்கரண்டியால் எடுப்பார். உப்பு எவ்வளவு என்று பார்க்கக் கண்ணாடிக் குழாயில் மிதவையைப் போடுவார். கண்ணாடியில் படிகிற அழுக்கைக் காலாவதியான பஸ் பாஸால் சுரண்டுவார். சுரண்டுவதற்கென்றே அலுவலகம் ஒரு கருவி வாங்கியிருந்தது. தொலைந்துபோனால் யார் பதில் சொல்வது என்று அதைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டார்கள்.

பதினான்காம் தொட்டியில்தான் அந்தப் பாசி இருந்தது.

இயக்குநர் வேறொரு காட்சியகத்திலிருந்து ஈரத் துணியில் சுற்றிக் கொண்டுவந்தது. கைவிரல் நீளத்துக்குப் பச்சை இறகுகள், தரையில் ஓடும் ஒரு கொடியில் வரிசையாக நிற்கும். கண்ணில் அடிப்பது போன்ற பச்சை. குழந்தைகள் பிளாஸ்டிக்கா என்று கேட்கும். காரமான ஏதோ ஒன்று அதற்குள் இருப்பதால் மீன்கள் வாய் வைப்பதில்லை. கண்ணுக்கு அழகு, கடித்துக் குதறப்படுவதில்லை, செத்துத் தொலைவதுமில்லை. இயக்குநருக்கு அதன்மேல் ஒரு பாசம். தன் சாயல் தெரிந்திருக்கலாம்.

அந்தப் பாசியைப் பற்றி நம்புவதற்குக் கஷ்டமான ஒரு விஷயம் உண்டு. முழம் நீளத்துக்கு வளர்ந்தாலும் உள்ளே தடுப்புச்சுவரே கிடையாது. கொடி, வேர், இறகு எல்லாம் சேர்ந்து ஒரே அறை, ஒரே உயிரணு. எங்கே வெட்டினாலும் வெட்டுவாய் தானாக மூடிக்கொள்ளும். வெட்டிய துண்டு தனியாக வேர் விடும். தொட்டியில் விட்டால் பதினைந்து நாளில் மீனுக்கு இடம் இருக்காது. ஆகவே புதன்கிழமைதோறும் தொட்டிக்காரர் கத்தரிக்கோலோடு கையை உள்ளே விடுவார். ஒரு வாளி நிறையும்.

அந்த வாளியை மொட்டை மாடிக்குக் கொண்டுபோய்த் தட்டில் பரப்பி, மூன்று நாள் காயவைத்து எரிக்க வேண்டும். விதியைத் தட்டச்சு செய்து பம்பு அறைக் கதவில் ஒட்டியிருந்தார்கள். ஒட்டச் சொன்னவர் இயக்குநர்தான். ஆனால் ஒருநாள் அவர் வெளியூர் விருந்தினர்களை டீ குடிக்க மாடிக்கு அழைத்துப்போனார். காற்று தட்டுப் பக்கத்திலிருந்து வீசியது.

"என்னப்பா இது, இப்படி நாறுது?"

"பதினாலாம் தொட்டிப் பாசி சார். காயவச்சு எரிக்கணும்னு சொல்லியிருக்காங்க."

"யாரு சொன்னது?"

"நீங்கதான் சார். கதவுல ஒட்டியிருக்கு."

"ஒட்டினது ஒட்டினபடி இருக்கட்டும். இனிமே இத மேல கொண்டுவராத. பின்னாடி ஜன்னலத் திறந்தா கடல். ஊத்திட்டுப் போ."

"உயிரோட இருக்கும் சார்."

"நம்ம தண்ணில நாலு நாள் தாங்காது. இது தெளிஞ்ச தண்ணில வளர்ற வகை. நான் படிச்சிருக்கேன்ல?"

"ஒரு வரி எழுதிக் குடுத்தீங்கன்னா..."

"ஒரு வாளிப் பாசிக்கு ஃபைல் போடச் சொல்றியா?" என்று சிரித்துக்கொண்டே இயக்குநர் படியிறங்கிவிட்டார். விருந்தினர்களும் சிரித்தார்கள். தொட்டிக்காரரும் மரியாதைக்குச் சிரித்துவைத்தார்.

அடுத்த புதன்கிழமையிலிருந்து ஜன்னல். உத்தரவு சரியா தப்பா என்று அவர் யோசித்தாரா என்றால், மூன்று மாடி ஏறுவது மிச்சமாகி முழங்கால் வலி குறைந்தது என்பதுதான் அவருக்கு நினைவிருக்கிறது. ஆனால் எழுதுகிற பழக்கத்தை மட்டும் விடவில்லை. தொட்டிப் பதிவேட்டில் வாராவாரம்: "புதன். தொட்டி 14. கத்தரித்தது ஒரு வாளி. ஊற்றிய இடம் கடல்." மாதக் கடைசியில் அடியில் இயக்குநர் கையெழுத்துப் போடுவார். இப்படி ஏழு வருடம்.

ஏழாம் வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மனைவியின் அண்ணன் வந்தார். தொட்டிக்காரருக்கு மச்சான். விரிகுடாவில் சிறிய படகு வைத்து வலை போடுகிறவர். கையில் ஈரச் சாக்கு. நேராகச் சமையலறைக்குள் போய்க் கழுவு தொட்டியில் அதைக் கவிழ்த்தார்.

"தங்கச்சி, பாத்திரத்த ஓரமா வை. மாப்ளே, இங்க வாங்க. படிச்சவங்க எவனும் பதில் சொல்ல மாட்டேங்கறான், நீங்க சொல்லுங்க. என்ன எழவு இது? ரெண்டு வருஷமா வலைல மீனுக்குப் பதிலா இதுதான் ஏறுது. அடில புல்லு இருந்த இடமெல்லாம் கம்பளம் விரிச்ச மாதிரி கிடக்கு. ஒரு குஞ்சு கிட்ட வர மாட்டேங்குது."

கழுவு தொட்டியில் பச்சை இறகுகள் கிடந்தன. தன் கையால் வாரம் தவறாமல் முடி வெட்டிவிட்ட பிள்ளையை அடுத்தவர் வீட்டுத் திருட்டு வழக்கில் பார்ப்பதுபோல அவர் பார்த்தார்.

"என்ன மாப்ளே, பேச்சையே காணோம்?"

"தெரியல மச்சான்."

"முப்பது வருஷமா தண்ணிக்குள்ள கை விட்டுகிட்டு இருக்கீங்க, இது தெரியலங்கறீங்களே! அப்ப உள்ள என்னதான் பண்றீங்க, மீனுக்கு மருதாணி போட்டு விடறீங்களா?"

மனைவி சிரித்தாள். அவரும் சிரித்தார். மச்சான் சாப்பிட்டுவிட்டுப் போனார். அடுத்த புதன்கிழமை வாளி மறுபடி மாடிக்கு ஏறியது. பதிவேட்டில் "கடல்" என்ற இடத்தில் "மாடி" என்று வந்தது. அந்த மாதமும் இயக்குநர் கையெழுத்துப் போட்டார்.

கொஞ்ச நாளில் பாசி பத்திரிகையில் ஏறியது. பத்திரிகையில் ஏறினால் குழு போட்டாக வேண்டும். பாசி ஒழிப்புக் குழுவுக்குத் தலைவராக, அந்தப் பாசியைத் தன் அறையிலிருந்து முப்பதடி தூரத்தில் வைத்து வளர்த்துக்கொண்டிருந்த இயக்குநரைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்கவில்லை. முக்குளிப்பவர்களை ஒப்பந்தத்துக்கு எடுத்தார்கள். அவர்கள் கீழே போய்க் கொத்துக் கொத்தாகப் பிய்த்து மூட்டை கட்டினார்கள். ஒரு கொத்தைப் பிய்த்தால் பத்துத் துண்டு நழுவி ஓடும். மூட்டைகள் தண்ணீர் சொட்டச் சொட்டப் படகில் போயின. அடுத்த வருடம், ஒழிப்புப் பணி நடந்த பாதை எது என்று வரைபடம் கேட்டவர்களுக்குப் பாசி முளைத்த பாதையைக் காட்டினால் போதும் என்ற நிலை. குழுவும் சும்மா இருக்கவில்லை. அதிலிருந்து இரண்டு துணைக்குழுக்கள் துளிர்த்தன.

மூன்றாம் வருடம் அறிக்கை வந்தது. பாசி வலையிலும் நங்கூரத்திலும் சிக்கி இடம்விட்டு இடம் பரவுகிறது என்றது. அது மெய்தான். முதலில் எங்கிருந்து வந்தது என்ற கேள்விக்கு, தூரக் கடலுக்குப் போய்த் திரும்பிய வலைகளில் ஒட்டிக்கொண்டு வந்திருக்கலாம் என்றது. ஆகவே விரிகுடாவில் பத்து வருடத்துக்கு வலை போடத் தடை. ஆட்சேபம் உள்ளவர்கள் செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு நகர மன்றக் கூடத்தில் சொல்லலாம்.

மச்சான் தங்கை வீட்டு நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். அன்று சாப்பிடவில்லை.

"வக்கீல் ஒரே ஒரு வழி இருக்குங்கறாரு. வலையில வரல, வேற எங்கேருந்தோ வந்துச்சுன்னு காட்டணுமாம். காட்டிட்டா தடைய நிறுத்தி வச்சிருவாங்களாம். நான் எங்க போய்க் காட்டுவேன்? கடல்கிட்ட போய் அட்ரஸ் கேக்கவா?" என்றார். பிறகு, "பத்து வருஷம் கழிச்சு எனக்கு அறுபத்தாறு. அப்ப வலைய வீசினா நானும் கூடவே போய் விழுவேன்" என்றார்.

அவர் போனபின் தொட்டிக்காரர் மனைவியிடம் சொன்னார். அவள் அவருடைய சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். முழுக்கக் கேட்டாள். இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"அண்ணன் சாக்கக் கவுத்தாரே, அன்னைக்கே தெரியுமா?"

"தெரியும்."

"அவரு மொகத்தப் பாத்துகிட்டே தெரியலன்னீங்க."

"வேலை போயிருமேன்னு பயந்தேன்."

"யாரு வேலை?" என்றாள். சட்டையில் சுருக்கத்துக்குப் பெயர்போன அந்த வலது கை நுழையும் பகுதியை மறுபடி தேய்த்தாள். "செவ்வாக்கிழமை இதப் போட்டுட்டுப் போங்க. சொல்லிட்டு வாங்க. சொல்லாம வந்தா நான் எங்க அண்ணன் வீட்ல இருப்பேன்."

செவ்வாய்க்கிழமை அவர் பதிவேட்டைக் கைக்குட்டையில் சுற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு போனார். மேடையில் நீள மேசை. நடுவில் இயக்குநர், பக்கத்தில் குழுவின் செயலாளர், ஆளுக்கொரு தண்ணீர் பாட்டில். கீழே வலைக்காரர்கள் இருபது பேர், மூன்றாம் வரிசையில் மச்சான். தன் மாப்பிள்ளையைப் பார்த்ததும், ஆதரவுக்கு வந்திருக்கிறார் என்று நினைத்துப் பக்கத்து நாற்காலியைத் தட்டிக் காட்டினார். தொட்டிக்காரர் உட்காராமல் நேராக மேசைக்குப் போனார்.

"வலையில வரல சார். நான் ஊத்தினேன். ஏழு வருஷம், புதனுக்குப் புதன் ஒரு வாளி. இதுல இருக்கு."

செயலாளர் பதிவேட்டைப் புரட்டினார். புரட்டப் புரட்டக் கடல், கடல், கடல். இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நல்ல மனுஷர்" என்றார் இயக்குநர் பொதுவாக. "என்கிட்ட ரொம்ப வருஷமா இருக்காரு. வயசாகுது."

"ஊத்தச் சொன்னதும் சார்தான்" என்றார் தொட்டிக்காரர்.

செயலாளர் கேட்டார்: "உத்தரவு எங்க?"

"வாயால சொன்னாரு."

"வாயால சொன்னத எப்படிங்க ஃபைல்ல வைக்கறது?"

"மாசா மாசம் கையெழுத்துப் போட்டிருக்காரு, பாருங்க."

"அது பதிவேட்டப் பார்த்ததுக்குப் போட்ட கையெழுத்து. படிச்சதுக்கு இல்ல." செயலாளர் இதை நகைச்சுவையாகச் சொல்லவில்லை. பத்தொன்பது வருடப் பணி அனுபவத்தில் சொன்னார். பேனாவைத் திறந்தார். "சரி, எழுதிக்கறேன். அதுக்கு முன்னால ஒண்ணு சொல்லிடறேன். வெளியிலேருந்து வந்த பாசிய, உயிரோட இருக்குன்னு தெரிஞ்சே கடல்ல கொட்டினா ரெண்டு வருஷம் ஜெயில். வேலையும் போயிரும், பென்ஷனும் வராது. கொட்டினவருக்குத்தான். இங்கேருந்தே போலீசுக்கு அனுப்பிருவோம். உங்களுக்குத் தெரிஞ்சே கொட்டினீங்களா?"

"தெரிஞ்சேதான். உயிரோட இருக்கும்னு சார்கிட்ட சொன்னேன்."

"எழுதட்டுமா?"

"எழுதுங்க."

வலைக்காரர்கள் பக்கம் ஒரு சலசலப்பு எழுந்தது. யாரோ கைதட்டக்கூடச் செய்தார். பத்து வருடத் தடை அந்த ஒரு நிமிடம் ஒற்றைப் பேனா முனையில் தொங்கிக்கொண்டிருந்தது. அப்போது மச்சான் எழுந்து நின்றார்.

"எழுதாதீங்க சார்."

எல்லோரும் திரும்பினார்கள்.

"இவரு என் தங்கச்சி வீட்டுக்காரரு. எனக்காக வந்து ஏதோ சொல்றாரு. கொஞ்ச நாளா மனசு சரியில்ல, தூக்கமும் இல்ல. பாசி வலையிலதான் வந்துச்சு. தூரக் கடலுக்குப் போயிட்டு வந்த என் வலையில. நானே பாத்தேன். என்னன்னு தெரியாம உதறி விட்டேன்."

"யோவ், என்னய்யா உளர்ற?" என்று பின்வரிசையிலிருந்து ஒருவர் கத்தினார். "உன் படகு என்னைக்குய்யா தூரக் கடலுக்குப் போச்சு? கலங்கரை விளக்கத்தத் தாண்டினா உனக்கு வாந்தி வருமேய்யா!"

"மச்சான், உக்காருங்க" என்றார் தொட்டிக்காரர்.

"நீங்க வாய மூடுங்க மாப்ளே."

செயலாளர் நிம்மதியாக எழுதினார். எழுதுகிறவருக்கு எது சுலபமோ அதுவே வரலாறு ஆகிறது என்று யாரும் அவருக்குச் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. 'வலைத் தொழிலாளர் ஒருவர் தாமாக முன்வந்து ஒப்புக்கொண்டார்.' பதிவேட்டைக் கைக்குட்டையோடு திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். இயக்குநர் தன் தண்ணீர் பாட்டிலைத் தொட்டிக்காரர் பக்கம் தள்ளி, "குடிங்க, வெயில்ல வந்திருக்கீங்க" என்றார். முப்பது வருடத்தில் அன்றுதான் முதல்முறையாக அவரை நீங்க என்றார்.

வெளியே படியில் மச்சான் நின்றார். மற்ற வலைக்காரர்கள் அவரைச் சுற்றிக்கொண்டு, தொடாமல், இறங்கிப் போனார்கள். கத்தியவர் மட்டும் நின்று முகத்தைப் பார்த்தார். எதையோ துப்ப நினைத்து, துப்பாமல் போனார்.

"ஏழு வருஷமா?" என்றார் மச்சான்.

"ஏழு."

"அதுக்கப்புறம் மூணு வருஷம் தெரிஞ்சே வச்சிருந்தீங்க."

"ஏன் மச்சான் அப்படிச் சொன்னீங்க? அவங்க எழுதியிருந்தா உங்களுக்கு..."

"உங்களுக்காகன்னு நெனச்சுக்காதீங்க. உங்கள ரெண்டு வருஷம் இல்ல, பத்து வருஷம் உள்ள வச்சாலும் எனக்குச் சந்தோஷம்தான். டப்பாவுல சோறு கட்டிகிட்டு ஜெயில் வாசல்ல வரிசைல நிக்கப்போறது என் தங்கச்சி." கக்கத்தில் இருந்த பதிவேட்டைக் காட்டினார். "போய் உண்மையச் சொன்னீங்களே, அத என்கிட்ட முன்னாடி சொல்லியிருக்கலாம்ல? என் வீட்டுப் பாயில உக்காந்து மாசம் ஒரு தடவ சாப்பிட்டீங்களே மாப்ளே. அப்ப சொல்லியிருந்தா சேர்ந்து ஏதாவது வழி பாத்திருக்கலாம். நேரா மேடைல போய்ச் சொன்னா எனக்கு வேற என்ன வழி?"

இருவரும் ஒரே பஸ் நிறுத்தத்தில் நின்று வேறு வேறு பஸ்ஸில் ஏறினார்கள். இரண்டும் ஒரே தெருவுக்குப் போகிறவை.

தடை வந்தது. மச்சான் படகை விற்றார். ஊருக்கு வெளியே ஒரு கிடங்கில் அட்டைப்பெட்டிக்கு டேப் ஒட்டும் வேலை. நின்றுகொண்டே ஒட்ட வேண்டும், உட்கார்ந்தால் கேமராவில் தெரியும். பழைய கூட்டாளிகளில் ஒருவரும் அவரோடு பேசுவதில்லை. தங்கையைப் பார்க்கத் தொட்டிக்காரர் வேலைக்குப் போயிருக்கும் நேரமாக வருவார். அவள் ஒரு தட்டு சோறு போடுவாள். எதையும் கேட்டுக்கொள்ளமாட்டார்கள். தொட்டிக்காரரோடும் அவள் இருக்கிறாள், சட்டைக்கு இஸ்திரி போடுகிறாள். தேவைக்கு மேல் பேசுவதில்லை.

குழுவுக்கு நிதி மிச்சம் இருந்தது. மிச்சம் வைத்தால் அடுத்த வருடம் வராது. மீன்காட்சியகத்தில் பதினான்காம் தொட்டியை உடைத்துப் பெரிதாகக் கட்டினார்கள். உள்ளே பச்சை விளக்கு. மேலே பலகை: "நம் கடலின் எதிரி". கீழே நாலு வரி: இந்தப் பாசி மீனவர்களின் வலைகளில் ஒட்டிக்கொண்டு நம் விரிகுடாவுக்குள் வந்தது, அறிவியலாளர்கள் இரவும் பகலும் போராடி வருகிறார்கள். தொடக்க விழாவில் இயக்குநர் ரிப்பன் வெட்டினார். இப்போது தொட்டி பெரிதானதால் வாரம் மூன்று வாளி வருகிறது. மூன்றையும் தொட்டிக்காரர் மாடிக்குச் சுமக்கிறார். முழங்காலில் பட்டை கட்டியிருக்கிறார்.

போன மாதம் ஒரு பள்ளிக்கூடத்திலிருந்து ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் வந்தார்கள். ஒவ்வொரு தொட்டிக்கும் ஐந்து குறிப்பு எழுத வேண்டும் என்று டீச்சர் சொல்லியிருந்தார். தொட்டிக்காரர் பின்னால் ஏணியில் நின்று கையை உள்ளே விட்டிருந்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு பெண் பலகையைச் சத்தமாக எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டிருந்தாள். இரண்டாம் வரியில் நின்றுவிட்டாள். மச்சானின் மகள். இறகுகளுக்கு நடுவில் நகர்ந்த கையைப் பார்த்ததும் கண்டுபிடித்துவிட்டாள். அப்படிச் சுருங்கிய கை ஊரில் வேறு யாருக்கும் கிடையாது. ஓடிச் சுற்றிக்கொண்டு ஏணிக்கடியில் வந்து நின்றாள்.

"மாமா."

"என்னடாம்மா."

"எங்க கிளாஸ்ல எங்கப்பாதான் இதக் கொண்டுவந்தாருன்னு சொல்றாங்க. வீட்ல கேட்டா அப்பா ஆமாங்கறாரு. அம்மா அழறாங்க. நீங்க இங்கதானே இருக்கீங்க, உங்களுக்குத் தெரியும்ல. எங்கப்பாவா மாமா?"

டீச்சர் பேனாவோடு பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால் விருந்தினர் யாரையோ அழைத்துக்கொண்டு இயக்குநர் வந்துகொண்டிருந்தார். ஓய்வுபெற இன்னும் பதினோரு மாதம். தொட்டிக்காரர் கையை வெளியே எடுத்தார். தண்ணீர் முழங்கை வழியாக ஏணியில் சொட்டியது.

"பலகையில அப்படித்தான் போட்டிருக்கு" என்றார்.

அவள் நோட்டைத் திறந்து, குறிப்பு இரண்டு என்று எண் போட்டு, அப்படியே எழுதிக்கொண்டாள்.